பழைய ஹோண்டா சிட்டி: பார்த்து வாங்குவதும் வைத்து ஓட்டுவதும்

இந்தியச் சாலைகளில் ஹோண்டா சிட்டி ஓடத் தொடங்கியது 1998-இல். 2003-இல் வந்த உருண்டை மூக்கு வண்டியைப் புரோக்கர்கள் இன்றும் 'டால்பின்' என்றே சொல்கிறார்கள். 2008-இல் மூன்றாம் தலைமுறையும், 2014 ஜனவரியில் நான்காம் தலைமுறையும், 2020 ஜூலையில் ஐந்தாம் தலைமுறையும் வந்தன. பழைய கார் தேடும் நடுத்தரக் குடும்பத்துக்கு இவற்றில் பொருத்தமானது நான்காவது. அதற்கு முந்தையவை வயதாகிவிட்டன. பிந்தையது இன்னும் புது வண்டிக்கு அருகான விலையில் நிற்கிறது. ஐந்தாவது வந்த பிறகும் நான்காவது சில காலம் பெட்ரோல், கைக்கியர் வடிவில் ஷோரூமில் விற்பனையானது. அதனால் அதிகம் வயதாகாத வண்டிகளும் தேடினால் கிடைக்கும்.

இந்த வண்டியை வாங்குபவர்கள் பெரும்பாலும் இன்ஜினைக் கேட்டுப் பார்த்துவிட்டுத் தலையாட்டுகிறார்கள். சிட்டியில் பயப்பட வேண்டாத பகுதி அதுதான். 1.5 லிட்டர் ஐ-விடெக் பெட்ரோல் இன்ஜின் 119 பி.எஸ். ஆற்றலும் 145 நியூட்டன் மீட்டர் டார்க்கும் தருகிறது. டைமிங் செயின் உள்ளதால் குறிப்பிட்ட தூரத்துக்கு ஒருமுறை பெல்ட் மாற்றும் செலவில்லை. ஆயிலைக் காலத்தில் மாற்றியிருந்தால் இரண்டு லட்சம் கிலோமீட்டர் அதற்குப் பெரிய தூரமல்ல. செலவு வைப்பவை இன்ஜினைச் சுற்றியிருப்பவை: சஸ்பென்ஷன், ஏ.சி., ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸ், பாடி, காகிதங்கள். சோதனை நேரத்தை அங்கேதான் செலவிட வேண்டும்.

வண்டி 4,440 மில்லிமீட்டர் நீளம். சக்கர இடைவெளி 2,600 மில்லிமீட்டர். டிக்கி 510 லிட்டர் கொள்ளும். இரண்டு பெரிய பெட்டிகளும் ஒரு திருமணத்துக்கான சீர்வரிசையில் பாதியும் அடங்கும். பின்சீட்டில் கால் நீட்டும் இடம் இதன் பெரிய பலம். முதியவர்கள் உள்ள வீட்டில் இந்த ஒரு காரணத்துக்காகவே சிட்டியைத் தேர்ந்தெடுப்பது நியாயம். தரையிடைவெளியோ 165 மில்லிமீட்டர்தான். ஐந்து பேரும் சாமானும் ஏறினால், ஊராட்சிச் சாலையின் வேகத்தடையில் அடி தட்டும். கிராமத்து வீட்டுக்கு மாதம் இருமுறை போகிற குடும்பம் இதைக் கணக்கில் வைக்க வேண்டும்.

எந்த வகை என்ற கேள்விக்குப் பெரும்பாலானோருக்கு ஒரே விடைதான்: 2017 பிப்ரவரியில் முகம் மாற்றி வந்த வண்டியில் பெட்ரோல், ஐந்து கியர் மேனுவல். அந்த மாற்றத்தோடு முன்புறம் இரண்டு ஏர்பேக்குகள் எல்லா வகைகளிலும் வந்தன. 2014 முதல் 2016 வரையிலான வண்டியைப் பார்ப்பவர்கள் ஏர்பேக் எத்தனை என்று வகைப்பெயரை நம்பாமல் கண்ணால் பார்த்து உறுதிசெய்வது நல்லது. பெட்ரோல் மேனுவலுக்கு ஏ.ஆர்.ஏ.ஐ. சான்றளித்த மைலேஜ் லிட்டருக்கு 17 கிலோமீட்டருக்குச் சற்று மேல். நெடுஞ்சாலையில் நிதானமாக ஓட்டினால் அதை நெருங்கலாம். சென்னை நெரிசலில் பத்து, பன்னிரண்டு கிடைத்தால் வண்டி நன்றாக இருக்கிறது என்று பொருள்.

சி.வி.டி. ஆட்டோமேட்டிக் நகரத்துக்கு மிக வசதி. கியர் மாறும் குலுக்கலே இருக்காது. வேகமாக மிதித்தால் இன்ஜின் முதலில் கத்தும், வண்டி பிறகுதான் கிளம்பும். இதை 'ரப்பர் பேண்ட்' என்று ஓட்டுநர்கள் கேலி செய்வதுண்டு. அது கோளாறு அல்ல, அந்த அமைப்பின் இயல்பு. கோளாறு வேறு இடத்தில் தெரியும். குளிர்ந்த இன்ஜினில் ரிவர்ஸிலிருந்து டிரைவுக்கு மாற்றும்போது இடிப்பது, ஆக்சிலரேட்டர் தொடாமல் ஊரும்போது நடுங்குவது, மேட்டில் நின்று கிளம்பும்போது தயங்குவது ஆகிய மூன்றில் ஒன்று இருந்தாலும் அந்த வண்டியை விட்டுவிடலாம். சி.வி.டி.யைத் திறந்து சரிசெய்யும் செலவு, பேரம் பேசிக் குறைத்த தொகையைப் பலமுறை விழுங்கிவிடும். 2014-இல் தயாரான சி.வி.டி. வண்டிகளுக்கு நிறுவனம் கியர்பாக்ஸ் மென்பொருளை இலவசமாகப் புதுப்பிக்க அழைத்தது. அது செய்யப்பட்டதா என்பதையும், கியர்பாக்ஸ் ஆயில் மாற்றியதற்கான பில்லையும் கேட்க வேண்டும். பில் இல்லாத சி.வி.டி. எவ்வளவு பளபளப்பாக இருந்தாலும் மதிப்புக் குறைவுதான்.

டீசல் 1.5 லிட்டர் ஐ-டிடெக், 100 பி.எஸ்., 200 நியூட்டன் மீட்டர், ஆறு கியர். நெடுஞ்சாலையில் லிட்டருக்கு இருபதைத் தாண்டும். மாதம் இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு மேல் ஓடும் விற்பனைப் பிரதிநிதிக்கு அது லாபம். வாரம் ஒருமுறை கோயிலுக்கும் தினமும் பள்ளிக்கும் போகும் வீட்டுக்கு நஷ்டம். குறுகிய தூர ஓட்டத்தில் டீசலின் இ.ஜி.ஆர். வால்வில் கரி படியும். இன்ஜின் சத்தமும் இந்த வகுப்புக்குக் கொஞ்சம் அதிகம். 2013 டிசம்பர் முதல் 2015 ஜூலை வரை தயாரான டீசல் சிட்டிகளில் எரிபொருள் திரும்பும் குழாயை மாற்ற நிறுவனம் வண்டிகளைத் திரும்ப அழைத்தது. அதுபோலவே 2017 செப்டம்பரிலிருந்து 2020 வரை தயாரான பெட்ரோல் வண்டிகள் பலவற்றில் எரிபொருள் பம்ப்பை இலவசமாக மாற்றித் தருகிறார்கள். அந்தப் பம்ப் பழுதானால் வண்டி ஓட்டத்திலேயே நின்றுபோகலாம். ஆர்.சி.யில் உள்ள 17 இலக்கச் சேசிஸ் எண்ணை நிறுவனத்தின் இணையதளத்தில் பதிந்தால், வேலை பாக்கி இருக்கிறதா என்று உடனே தெரியும். மூன்றாம் தலைமுறை வண்டியை விலைக்காக வாங்க நினைப்பவர்கள் இதைத் தவறவே விடக்கூடாது. 2012, 2013 வண்டிகள் உட்பட அதில் பலவும் தகாடா நிறுவனத்தின் பழுதான ஏர்பேக் பிரச்சினையில் சிக்கியவை.

டெல்லிப் பதிவு டீசல் வண்டிகள் தெற்கே மலிவாக வருவதற்குக் காரணம் உண்டு. அங்கே பத்தாண்டு கடந்த டீசலுக்கும் பதினைந்தாண்டு கடந்த பெட்ரோலுக்கும் கட்டுப்பாடுகள் விதிக்கப்பட்டதால், கெடு நெருங்கும் வண்டிகளைத் தள்ளிவிடுகிறார்கள். வண்டி நல்லதாகவே இருக்கலாம். ஆனால் என்.ஓ.சி. வாங்கி, தமிழ்நாட்டில் மறுபதிவு செய்து, ஆயுள் வரியும் கட்டிய பிறகு மிச்சமாகும் தொகை பலருக்கும் ஏமாற்றமாகவே முடிகிறது. புதுச்சேரிப் பதிவு வண்டிக்கும் இதே கணக்குதான்.

வண்டியைப் பார்க்கப் போவது காலை வெளிச்சத்தில், இன்ஜின் சூடாகும் முன் இருக்க வேண்டும். விற்பவர் முன்கூட்டியே ஸ்டார்ட் செய்து வைத்திருந்தால் அதற்குக் காரணம் இருக்கும். பானெட்டைத் திறந்து முன் ஃபெண்டரைப் பிடித்திருக்கும் போல்ட் தலைகளைப் பார்க்க வேண்டும். பெயின்ட் உடைந்திருந்தால் அந்த ஃபெண்டர் ஒருமுறையாவது கழற்றப்பட்டிருக்கிறது. ஃபெண்டர் மாற்றியது பெரிய குற்றமல்ல, நம் ஊர் நெரிசலில் கீறல் படாத வண்டியே அரிது. ஆனால் ரேடியேட்டரைத் தாங்கும் சட்டம், அதன் பின்னால் நீளும் ஏப்ரன், கதவுத் தூண்கள் இவற்றில் கம்பெனி வைத்த புள்ளி வெல்டிங்கின் வட்டக்குழிகள் மறைந்து பட்டி தடவிய மழமழப்பு இருந்தால், அது பெரிய ஆக்சிடென்ட் வண்டி. சிட்டியின் தகடு மெல்லியது. பட்டி பார்த்த இடத்தில் காந்தம் ஒட்டாது.

விபத்தைக் கண்டுபிடிக்க இன்னொரு எளிய வழி இன்சூரன்ஸ் பாலிசி. கிளெய்ம் எடுக்காத உரிமையாளருக்கு ஆண்டுக்கு ஆண்டு நோ கிளெய்ம் போனஸ் 20, 25, 35, 45, 50 விழுக்காடு என்று ஏறும். "ஒரு கீறல்கூட இல்லை" என்று சொல்பவரின் பாலிசியில் ஏழாவது ஆண்டில் போனஸ் பூஜ்யம் என்றிருந்தால் கேள்வி கேட்க இடமிருக்கிறது.

வெள்ளத்தில் மூழ்கிய வண்டிகள் தனிக் கவலை. சென்னையில் 2015 டிசம்பரிலும், மிக்ஜாம் புயல் வந்த 2023 டிசம்பரிலும் அடுக்குமாடிகளின் அடித்தளங்களில் நின்ற கார்கள் ஏராளமாக மூழ்கின. தரைவிரிப்பைத் துவைத்து வாசனைத் திரவியம் அடித்துவிடலாம், சீட் பெல்ட்டைக் கடைசிவரை இழுத்தால் தெரிவதை மறைக்க முடியாது. உள்ளே சுருண்டிருந்த பகுதியில் சேற்றுக் கோடு தெரியும். சீட்டுக்கு அடியில் உள்ள தண்டவாளங்களில் துரு, ஸ்டெப்னி வைக்கும் குழியில் வண்டல், ஹெட்லைட்டுக்குள் நீர்மட்டக் கறை என இவையும் காட்டிக்கொடுக்கும். மூழ்கிய வண்டியை எந்த விலைக்கும் வாங்க வேண்டாம். ஒயரிங் கனெக்டர்களில் பச்சை பூத்தால் கோளாறு ஒவ்வொன்றாக ஆண்டுக்கணக்கில் வரும்.

மீட்டரில் உள்ள கிலோமீட்டரைக் குறைப்பது இப்போது சில நிமிட வேலை. அதனால் அந்த எண்ணை நம்புவதைவிட, பதிவெண்ணைக் கொடுத்து ஷோரூம் சர்வீஸ் பதிவை எடுப்பது மேல். அதில் ஒவ்வொரு வருகையின் தேதியும் தூரமும் இருக்கும். நாற்பதாயிரம் ஓடியதாகச் சொல்லும் வண்டியில் பிரேக் பெடல் ரப்பர் வழவழப்பாகி, ஸ்டீயரிங் தோல் பளபளத்திருந்தால் இரண்டில் ஒன்று பொய். டயரின் பக்கச்சுவரில் உள்ள நான்கு இலக்கம் அது தயாரான வாரத்தையும் ஆண்டையும் சொல்லும். குறைவாக ஓடியதாகச் சொல்லப்படும் வண்டியில் எல்லா டயரும் மாறியிருந்தால் அதுவும் ஒரு செய்திதான்.

ஓட்டிப் பார்க்கும்போது ரேடியோவை அணைத்து, கண்ணாடியை இறக்கி, மோசமான சாலையில் இருபது கிலோமீட்டர் வேகத்தில் போக வேண்டும். 'டக் டக்' சத்தம் பெரும்பாலும் ஸ்டெபிலைசர் லிங்க் அல்லது லோயர் ஆர்ம் புஷ். இரண்டும் மாற்றக்கூடியவை, விலையில் கழித்துக்கொண்டால் போதும். எண்பதில் ஸ்டீயரிங் அதிர்ந்தால் பேலன்சிங் சரியில்லை அல்லது ரிம் வளைந்திருக்கிறது. பிறகு வெயிலில் நிறுத்தி, ஐட்லிங்கில் ஏ.சி.யைப் பத்து நிமிடம் ஓட விட வேண்டும். ஓடும்போது குளிர்ந்து நிற்கும்போது சூடானால் கேஸ் குறைவு, கண்டென்சர் விசிறி, கம்ப்ரசர் மூன்றையும் சந்தேகிக்கலாம். "போன மாதம்தான் கேஸ் போட்டோம்" என்பது நல்ல சேதி அல்ல. கசிவு இல்லாவிட்டால் கேஸ் போட வேண்டி வராது, கசிவது கூலிங் காயில் என்றால் டாஷ்போர்டைப் பிரிக்க நேரிடும்.

போட்டியாளர்களைச் சுருக்கமாகச் சொல்லலாம். மாருதி சியாஸ் இதைவிட அகலம், பராமரிப்பு மலிவு, ஓட்டச் சுகம் குறைவு. இருங்காட்டுக்கோட்டையில் தயாராகும் ஹூண்டாய் வெர்னா வசதிகளில் முந்தும், பின்சீட்டில் பிந்தும். வோக்ஸ்வாகன் வென்டோ நெடுஞ்சாலையில் உறுதியாக நிற்கும். அதன் டி.எஸ்.ஜி. கியர்பாக்ஸ் வகையை வாரண்டி இல்லாமல் வாங்குவது துணிச்சல்.

விலை முடிந்தபின் காகிதம். கடன் அடமானம் நீங்கியிருக்கிறதா, அபராத பாக்கி உள்ளதா என்பதைப் பரிவாகன் தளத்தில் பார்த்துவிட வேண்டும். கடன் இருந்தால் வங்கியின் கையொப்பமிட்ட 35-ஆம் படிவம் தேவை. பெயர் மாற்றத்துக்கு 29, 30 படிவங்கள். வாங்குபவர் 30 நாளுக்குள் ஆர்.டி.ஓ.வுக்கும், 14 நாளுக்குள் இன்சூரன்ஸ் நிறுவனத்துக்கும் விண்ணப்பிக்க வேண்டும். விற்றவரின் நோ கிளெய்ம் போனஸ் அவரோடு போய்விடும், அதனால் பிரீமியம் கூடும். 2023 ஏப்ரல் முதல் பழைய கார் வியாபாரிகளுக்கு ஆர்.டி.ஓ. அங்கீகாரச் சான்று கட்டாயம் என்பதால் அதையும் கேட்கலாம்.

வண்டி வீட்டுக்கு வந்ததும், விற்றவர் என்ன சொன்னாலும், இன்ஜின் ஆயில், ஃபில்டர்கள், பிரேக் ஆயில், கூலன்ட் எல்லாவற்றையும் மாற்றி அந்தத் தேதியிலிருந்து புதுக் கணக்கு தொடங்குவது நல்லது. பெட்ரோல் இன்ஜினுக்கு 0டபிள்யூ-20 தர ஆயில், 10,000 கிலோமீட்டர் அல்லது ஓராண்டு, எது முந்துகிறதோ அது. கெட்டியான ஆயில் ஊற்றினால் இன்ஜின் 'அமைதியாகும்' என்று சில மெக்கானிக்குகள் சொல்வார்கள். விடெக் அமைப்பு ஆயில் அழுத்தத்தில் இயங்குவது. அதன் மெல்லிய பாதைகளுக்குக் கெட்டி ஆயில் ஏற்றதல்ல. சத்தம் வந்தால் டேப்பட் இடைவெளியை அளந்து திருத்தச் சொல்ல வேண்டும். இந்த இன்ஜினில் அது தானாகச் சரியாவதில்லை, திருகு வைத்துச் சரிசெய்வது. ஏறத்தாழ 40,000 கிலோமீட்டருக்கு ஒருமுறை பார்ப்பது போதும். ஷோரூமுக்கு வெளியே வண்டி விடுபவர்கள் மறந்துபோகிற வேலை இதுதான்.

சி.வி.டி.க்கு எச்.சி.எஃப்-2 என்ற ஹோண்டா ஆயில் மட்டும், சுமார் 40,000 கிலோமீட்டருக்கு ஒருமுறை. சாதாரண ஆட்டோமேட்டிக் ஆயிலை ஊற்றினால் உள்ளே பெல்ட் வழுக்கும். ரேடியேட்டரில் போர்வெல் தண்ணீர் ஊற்றவே கூடாது. உப்பு படிந்து அலுமினியத்தை அரிக்கும். குளோவ் பாக்ஸுக்குப் பின்னால் உள்ள ஏ.சி. ஃபில்டரை வீட்டிலேயே கழற்றித் தட்டலாம். பின்சக்கரங்களில் டிரம் பிரேக் என்பதால் ஆண்டுக்கு ஒருமுறை தூசி நீக்கினால் போதும்.

அடி தட்டுவதைத் தவிர்க்க ஸ்பிரிங்குக்குள் ரப்பர் துண்டு வைப்பது பரவலான வழக்கம். அது சஸ்பென்ஷன் அசையும் தூரத்தைக் குறைத்துச் சுமையை ஷாக் அப்சார்பரின் மேல்மவுண்டுக்குத் தள்ளுகிறது. தேய்ந்துபோன பழைய ஸ்பிரிங்கையும் ஷாக் அப்சார்பரையும் மாற்றினாலே வண்டி இழந்த உயரத்தில் பெரும்பகுதி திரும்பும். 15 அங்குல ரிம்மில் 175/65 டயருக்குப் பதில் 185/60 போட்டால் பிடிமானம் கூடும், மீட்டர் கணக்கும் பெரிதாக மாறாது. அதற்குமேல் அகலம் தேவையில்லை.

20 விழுக்காடு எத்தனால் கலந்த பெட்ரோலைப் பற்றிப் பலர் கேட்கிறார்கள். 2009-இலிருந்து தயாரான தன் வண்டிகளின் பாகங்கள் அதைத் தாங்கும் என்று ஹோண்டா சொல்கிறது. மைலேஜ் கொஞ்சம் குறையும். மாதக்கணக்கில் ஓட்டாமல் டேங்க்கில் தேக்கி வைப்பது மட்டும் வேண்டாம். அப்படி நிற்கும் வண்டிக்கு எத்தனாலைவிட எலி பெரிய எதிரி. பானெட்டுக்குள் புகையிலை வைக்கும் நம்பிக்கை ஊரெங்கும் உண்டு. ஆனால் பலன் தருவது அடிப்பகுதியில் கம்பி வலையும், வாரம் இருமுறை வண்டியை எடுப்பதும்தான்.

உதிரிபாகத்துக்குப் பஞ்சமில்லை. இதே பெட்ரோல் இன்ஜின் மொபிலியோவிலும் பி.ஆர்-வியிலும், டீசல் அமேஸிலும் ஜாஸிலும் இருந்ததால் வெளிச்சந்தையிலும் பொருள் கிடைக்கும். 2014-இல் பதிவான வண்டிகளின் ஆர்.சி. 2029-இல் முடியும். அதன்பின் எஃப்.சி. சோதனைக்குக் காட்டி ஐந்தாண்டுக்கு ஒருமுறை புதுப்பித்து, பசுமை வரியும் கட்ட வேண்டும். அந்த ஆண்டை நெருங்கிய வண்டியை வாங்குபவர்கள் அந்தச் செலவையும், அதற்குள் பாடியில் துரு பார்க்கும் டிங்கரிங் வேலையையும் இப்போதே விலையிலிருந்து கழித்துக் கேட்கலாம்.