பண்டிதரின் கணக்கும் தம்பூராவின் காந்தாரமும்

சித்த மருந்து விற்று ஈட்டிய பணத்தைத் தமிழிசை ஆராய்ச்சிக்கே கொட்டியவர் தஞ்சை ஆபிரகாம் பண்டிதர் (1859–1919). தென்காசிப் பக்கம் சாம்பவர் வடகரையில் பிறந்த அவர், 1912இல் தஞ்சையில் சங்கீத வித்தியா மகாஜன சங்கத்தை நிறுவி, வித்துவான்களை அழைத்து மாநாடுகள் கூட்டினார். 1916இல் பரோடாவில் நடந்த அகில இந்திய இசை மாநாட்டில், தம் குடும்பத்தினரைக் கொண்டே தம் கொள்கையை இசைத்துக் காட்டினார். மறு ஆண்டு வெளிவந்த ‘கருணாமிர்த சாகரம்’ 1,300 பக்கங்களைத் தாண்டும். அதன் உயிர்நாடி ஒரே கேள்விதான்: ஒரு ஸ்தாயியில் (ச முதல் மேல் ச வரை) சுருதிகள், அதாவது நுண்சுர இடங்கள், எத்தனை?

பரதர், சாரங்கதேவர் வழிவந்தோர் 22 என்றனர். பண்டிதர் 24 என்றார். சிலப்பதிகார உரைகளில் ஏழு சுரங்களுக்கும் குரல் 4, துத்தம் 4, கைக்கிளை 3, உழை 2, இளி 4, விளரி 3, தாரம் 2 என்று அலகுகள் (சுருதி அளவுகள்) வருகின்றன, கூட்டினால் 22. பண்டிதரோ, பன்னிரண்டு இராசி வட்டத்தில் வீட்டுக்கு இரண்டாக 24 அலகே அடிப்படை என்றும், பாடும்போது கைக்கிளையிலும் விளரியிலும் ஒவ்வோர் அலகு குறைத்ததால்தான் 22 வந்தது என்றும் விளக்கினார். அந்த இரண்டையும் நாலாக்கிப் பாருங்கள்: 4, 4, 4, 2, 4, 4, 2. வட்டம் கச்சிதமாக மூடுகிறது.

இந்த வாசிப்பின் வலிமை பெரிது. பொருள் மறந்துபோன உரைவரிகளை அவர் கணக்காகப் படித்தார். இணை, கிளை, பகை, நட்பு என்ற நரம்புறவுகளைக் கொண்டு, பாலைகள் எனப்பட்ட பழைய சுர வரிசைகளும் இன்றைய இராகங்களும் ஒரே மரபின் தொடர்ச்சி என்று காட்டினார். சுத்தமான இளியை (பஞ்சமத்தை) மூன்றில் இரண்டு பங்கு தந்தியில் பிடித்து, அப்படியே பன்னிரண்டு முறை ஏறினால் தொடங்கிய இடத்துக்குத் திரும்ப முடியாது; அரைச்சுரத்தில் ஏறக்குறைய கால் பங்கு மிஞ்சும். சுருதி பற்றிப் பேசிய பலர் கடந்துபோன இந்தச் சிக்கலைப் பண்டிதர் நேருக்கு நேர் எதிர்கொண்டார். அதற்கு அவர் கண்ட தீர்வு, ஸ்தாயியைச் சமபங்குகளாகப் பிரிப்பது.

குறையும் அந்தத் தீர்விலேயே இருக்கிறது. தம்பூராவின் மந்தர சட்ஜத் தந்தியை மீட்டினால் அந்தர காந்தாரம் தானாகவே ஒலிக்கும். ஸ்தாயியை 1,200 சென்ட் என்று கொண்டால் அந்தக் காந்தாரம் 386இல் நிற்கிறது, சமபங்கிலோ 400இல். இளியில் வேறுபாடு இரண்டு சென்ட்தான். அது காதுக்குத் தெரியாது. காந்தாரத்தில் பதினான்கு, அது தெரியும். கணக்குக்கும் காதுக்கும் பிணக்கு வந்த இடத்தில் பண்டிதர் கணக்கின் பக்கம் நின்றார். மேலும், தோடி இராகத்தின் காந்தாரம் அசைவிலேயே உயிர் வாழ்வது. அதை 22ஓ 24ஓ எந்த எண்ணும் கட்டிவைக்காது. இந்த நுட்பத்தை உணர்ந்துதான் அவர் திரிகோணப்பாலையில் 48, சதுரப்பாலையில் 96 என்று மேலும் பகுத்தார். ஆனால் கமகம் என்னும் இந்தச் சுர அசைவு புள்ளியன்று, பயணம். புள்ளிகளைப் பெருக்கினால் பயணம் பிடிபடாது.

இன்னொரு குறை, கடல்கொண்ட குமரி நாட்டை வரலாறாகவே வைத்து நூலைத் தொடங்கியது. அந்த அடித்தளம் அவருடைய வாதத்துக்குத் தேவையே இல்லை. உரைநூற் சான்றும் கணக்குமே தம் காலில் நிற்கக்கூடியவை. பழமையை நிறுவும் ஆர்வம், நல்ல ஆராய்ச்சியையும் சேர்த்தே ஒதுக்கிவிடப் பிறருக்கு வழி கொடுத்தது.

1947இல் ‘யாழ் நூல்’ தந்த விபுலானந்த அடிகள், அதே சிலப்பதிகாரத்திலிருந்து 22 அலகு என்ற முடிவுக்கே வந்தார். முடிவு வேறானாலும், பழந்தமிழ் நூலையும் அளவையையும் ஒருசேர வைத்து இசையை ஆராய்வது பண்டிதர் முன்பே நடந்து காட்டிய வழி.

ஆகவே என் தீர்ப்பு இது: 24 என்ற விடை நிலைக்கவில்லை, அதைத் தேடிய முறை நிலைத்திருக்கிறது. பண்டிதரைப் போற்றுவோரும் மறுப்போரும் அவர் நூலைப் பக்கம் பக்கமாகப் படிக்க வேண்டும். படிக்கும்போது பக்கத்தில் ஒரு தம்பூராவும் ஒலிக்கட்டும்.