ரேவதி: சொல்லாமல் விட்ட நடிகையும் சொல்லிவிடும் இயக்குநரும்

'தேவர் மகன்' (1992) பஞ்சவர்ணத்தை நினைத்துப் பாருங்கள். புதுப் புருஷன் பாடச் சொல்கிறான். வார்த்தை வரவில்லை, வெறும் காற்றுதான் வருகிறது என்கிறாள். வெட்கம், பயம், தான் இரண்டாம்பட்சமாக வந்தவள் என்ற உணர்வு எல்லாமே அந்தத் திணறலில் இருக்கின்றன. படத்தில் ரேவதிக்குக் காட்சிகள் குறைவு. சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருது மட்டும் தவறவில்லை.

'மண்வாசனை'யில் (1983) தொடங்கி, 'மௌன ராகம்', 'மறுபடியும்' வழியாக மலையாளப் 'பூதகாலம்' (2022) வரை ரேவதியின் பலம் ஒன்றுதான்: முழுதாகச் சொல்லிவிடாமல் நிறுத்துவது. அந்த நிதானம் இயக்குநர் நாற்காலிக்கு முழுசாக வந்து சேரவில்லை என்பது என் எண்ணம்.

முதல் படத்தில் வந்திருந்தது. 'மித்ர், மை ஃப்ரெண்ட்' (2002) படத்தின் முக்கியத் தொழில்நுட்பக் கலைஞர்கள் பெண்கள்: ஒளிப்பதிவு ஃபௌசியா ஃபாத்திமா, படத்தொகுப்பு பீனா பால், இசை பவதாரிணி, எழுத்தில் சுதா கொங்கரா. இதை வெறும் விளம்பரம் என்று ஒதுக்க முடியாது. சிதம்பரத்திலிருந்து கலிபோர்னியா போன லட்சுமியின் தனிமையைப் படம் அவசரப்படாமல் பார்க்கிறது. லட்சுமியாக நடித்த ஷோபனாவுக்கும் பீனா பாலுக்கும் தேசிய விருது. சிறந்த ஆங்கிலப் படம் என்ற விருது வேறு. குறை முடிவில்தான். இணைய அரட்டையில் அவளுக்குத் தெம்பு தந்த முகம் தெரியாத நண்பர் கடைசியில் கணவனே என்று ஆகிறது. அவள் தானாகத் தேடிக்கொண்ட ஒரே உறவும் வீட்டுக்குள்ளேயே திரும்பிவிடுகிறது. 'மௌன ராக'மும் கணவனிடம்தான் முடிந்தது. ஆனால் அங்கே ரேவதியின் திவ்யா தானாக மனம் மாறினாள்.

'ஃபிர் மிலேங்கே' (2004) எச்.ஐ.வி. தொற்றால் வேலை இழக்கும் பெண்ணின் வழக்கு. ஹாலிவுட்டின் 'ஃபிலடெல்ஃபியா'வை நினைவூட்டுகிறது என்பதை மறைக்க முடியாது. இருந்தாலும் இந்தி வணிக சினிமாவில் அந்த நோயைக் கொச்சைப்படுத்தாமல் பேசியது பெரிய காரியம். ஷில்பா ஷெட்டியிடம் அப்படியொரு நடிப்பை வாங்கியதும்தான். நீதிமன்றக் காட்சிகளில்தான் படம் பிரசங்கம் பண்ணுகிறது.

பதினெட்டு ஆண்டுகள் கழித்து வந்த அடுத்த முழுநீளப் படம் 'சலாம் வெங்கி'. தசைச் சிதைவு நோயில் கிடக்கும் மகன், கருணைக்கொலைக் கோரிக்கை, அம்மாவாகக் கஜோல். கண்ணீருக்கு எல்லாம் தயார். ஆனால் அம்மாவின் துக்கத்தை நாம் உணருமுன் இசையும் வசனமும் சொல்லி முடித்துவிடுகின்றன. நடிகை ரேவதி அந்த வேடத்தில் இருந்திருந்தால் பாதி வசனத்தை வேண்டாம் என்றிருப்பார்.

அந்தப் பதினெட்டு ஆண்டு இடைவெளிக்கு அவரை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. நடிகைகள் இயக்க வந்தால் பணம் போட நம் தயாரிப்பாளர்கள் யோசிப்பது ஊரறிந்தது. தமிழில் 'குட் வைஃப்' என்ற இணையத் தொடரை 2025இல் இயக்கினார். அதுவும் அமெரிக்கத் தொடரின் தழுவல். நாற்பது ஆண்டுகளுக்கு மேல் தமிழில் நடித்தவர், தன் சொந்தக் கதையோடு ஒரு முழுநீளத் தமிழ்ப் படத்தை இன்னும் இயக்கவில்லை.