ஆலைக்குள் விழித்த கரடி

நீலச் சாயத்தில் விழுந்த நரி தொடங்கி, விலங்கு வேஷம் போடும் கதைகளில் பெரும்பாலும் விலங்குதான் ஊரை ஏமாற்றும். ஃபிராங்க் டாஷ்லின் 1946-இல் எழுதி வரைந்த 'தி பேர் தட் வாஸ்ன்ட்' இதைப் புரட்டிப்போட்டது. 1967-இல் சக் ஜோன்ஸ் அதை எம்.ஜி.எம். நிறுவனத்துக்காகக் குறும்படக் கார்ட்டூனாக்கினார். குளிர்காலம் முழுக்கக் குகையில் தூங்கிய கரடி கண்விழித்து வெளியே வந்தால், அங்கே ஒரு தொழிற்சாலை. ஃபோர்மேன் வேலையைப் பார்க்கச் சொல்கிறார். நான் கரடி என்றால், சவரம் செய்யாமல் ரோமக் கோட்டு மாட்டிக்கொண்டு திரியும் மடையன் என்று திட்டுகிறார். மேலாளர், துணைத் தலைவர்கள், தலைவர் என்று எந்த அறைக்குப் போனாலும் அதே வசவுதான். முதல் அறையில் சிரிக்கிறோம். கடைசி அறையில் சிரிப்பு வருவதில்லை. இயந்திரத்தின் முன் போய் நிற்கும்போது கரடியே தன்னை மனிதன் என்று நம்பிவிடுகிறது.

திருப்பூரில் இதைப் பார்ப்பவருக்கு விளக்கவுரை வேண்டாம். பனியன் கம்பெனிக்குள் ஒருவர் டெய்லர், செக்கிங், கைமடி. அவருடைய நாள் ஒன்றரை ஷிப்ட். ஆலை ஆளுக்கு வைக்கும் பெயர் ஆளையே விழுங்கிவிடுவதை, நேரடியான தொழிலாளர் படம் பிரசங்கமாக்கியிருக்கும். கரடி வேஷம் அதைச் சிரிக்கச் சிரிக்கச் சொல்லிவிடுகிறது. இந்த உத்தியின் பெரிய பலம் இது.

ஆனால் வேஷம் பலவற்றை மறைக்கவும் செய்கிறது. கரடிக்குச் சாதியில்லை, கடனில்லை, கூலிப் பேச்சுமில்லை. அதைவிட முக்கியமானது, பக்கத்து இயந்திரத்தில் நிற்பவருக்குக் கதையில் முகமே இல்லை. நகைச்சுவைக்குத் தனிக் கரடி தேவைப்பட்டிருக்கலாம். ஆலை வாழ்க்கை அப்படி இருப்பதில்லை. 1984-இல் பஞ்சப்படி கேட்டுத் திருப்பூர்த் தொழிலாளர்கள் 127 நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். முதலாளி சொன்னதை அவர்கள் நம்பிவிடவில்லை, ஏனென்றால் தோளோடு தோளாக ஆட்கள் இருந்தார்கள். அடங்கிப்போவதை இவ்வளவு நுணுக்கமாகக் காட்டும் கதைக்கு, எதிர்த்து நிற்பவர்கள் கண்ணில் படவே இல்லை.

முடிவிலும் எனக்கு உடன்பாடில்லை. ஆலை மூடியதும் எல்லாரும் வீட்டுக்குப் போக, கரடி பனியில் நடுங்கி, கடைசியில் குகைக்குத் திரும்புகிறது. அதற்குப் போக ஒரு குகை மிச்சமிருந்தது. 2020 ஊரடங்கில் திருப்பூரை விட்டுப் பீகாருக்கும் ஒடிசாவுக்கும் கிளம்பியவர்களில் பலர், ஊரில் பிழைப்பில்லாமல் மறுபடி இங்கேயே ரயிலேறினார்கள். அந்த இரண்டாம் பயணத்துக்குக் கதையில் இடமில்லாததைத்தான் அதன் பெரிய குறையாக நினைக்கிறேன்.