அரசன் தப்பிய கதை

1933 ஆம் ஆண்டில் வெளிவந்த ‘மார்த்தாண்ட வர்மா’ என்னும் பேசாப்படத்தைக் குறித்து எழுதுவோர் பெரும்பாலும் அதன் வழக்கைப் பற்றியே எழுதுகின்றனர். நாகர்கோவில் ஆர். சுந்தர்ராஜ் தயாரித்து, பி. வி. ராவ் நெறிப்படுத்திய இப்படம், சி. வி. ராமன் பிள்ளையின் 1891 ஆம் ஆண்டு மலையாள நாவலைத் தழுவியது. நூலின் உரிமை கமலாலயப் பதிப்பகத்தாரிடம் இருந்தது. அவர்கள் நீதிமன்றம் சென்றனர். திருவனந்தபுரம் கேப்பிட்டல் கொட்டகையில் திரையேறிய படம் விரைவிலேயே முடங்கிற்று. பதிப்பகத்தார் கையில் கிடந்த பிரதியே 1974 இல் பூனாத் திரைப்படக் காப்பகத்தை அடைந்தது.

நாம் கேட்க விரும்புவது வேறு. இப்படம் யாருடைய வரலாறு?

திருவிதாங்கூர் வாரிசுப் போரில் தம்பிமாரும் எட்டுவீட்டுப் பிள்ளைமாரும் இளவரசனை வேட்டையாடுகின்றனர். அவனைக் காக்கும் இளைஞன் அனந்தபத்மநாபன் பித்துப் பிடித்த சாணானாக வேடமிட்டு ஊரெங்கும் உலவுகிறான். அவ்வேடம் பலிப்பதேன்? தாழ்த்தப்பட்டவனின் முகத்தை எவரும் உற்று நோக்குவதில்லை! நாவலாசிரியர் அறிந்தோ அறியாமலோ இவ்வுண்மையைத் தொட்டுவிட்டார். ஆயினும் வேடம் கலைந்ததும் சாணானும் மறைந்துபோகிறான். பனையேறியின் வாழ்வுக்குக் கதையில் இடமில்லை. தோள்சீலைக்காகப் போராடி 1859 இல் அரச பிரகடனம் பெற்ற மக்களின் மண்ணில் உருவான படம் இது என்பதை நாம் மறத்தலாகாது.

சுந்தர்ராஜின் உறவினரான ஜே. சி. டானியலின் ‘விகதகுமாரன்’ முன்னர் இதே கேப்பிட்டல் கொட்டகையில்தான் காட்டப்பட்டது. அதில் நாயர்ப் பெண்ணாக நடித்த தலித் நடிகை பி. கே. ரோசியை மேற்சாதியார் ஊரைவிட்டே துரத்தினர். அதன்பின் வந்த இப்படமோ அன்றைய மகாராஜா சித்திரைத் திருநாளின் ஊர்வலக் காட்சியுடன் தொடங்குகிறது. அச்சம் அரச பக்தியைப் போர்த்திக்கொண்டது என்றே நாம் கருதுகிறோம். நாகர்கோவிலில் பிறந்த படத்தின் எழுத்துத் தலைப்புகள் மலையாளத்திலும் ஆங்கிலத்திலும் மட்டுமே அமைந்ததும் கவனிக்கத்தக்கது.

அக்கரைப்பற்று மாணவர்க்கு இக்கதையில் உறுத்தும் இடம் இன்னொன்றுண்டு. பஞ்சவன்காட்டில் குற்றுயிராய்க் கிடந்த அனந்தபத்மநாபனைக் காப்பாற்றுவோர் பட்டாணிய வணிகர். மருந்திட்டு எழுப்புபவர் ஹக்கீம். அவனைக் காதலிப்பவள் ஸுலைஹா. ஷம்சுதீன் என்ற பெயரில் அவர்களுள் ஒருவனாகவே அவன் வாழ்கிறான். காதல் மட்டும் பாருக்குட்டிக்கு உரியது. மன்னன் முடிசூடுகிறான், பிரிந்த காதலர் கூடுகின்றனர். ஸுலைஹாவுக்குக் கதை வைத்திருப்பது கண்ணீர் ஒன்றே.