அமுதசுரபியின் எல்லை: மணிமேகலையும் இக்காலப் பௌத்தமும்

இக்காலத் தமிழகப் பௌத்த வரலாற்றில் 1898-ஆம் ஆண்டு தனிச்சிறப்புடையது. அவ்வாண்டில் உ. வே. சாமிநாதையர் மணிமேகலையைப் பதிப்பித்தார். அதே ஆண்டில் அயோத்திதாசப் பண்டிதர் கொழும்பு சென்று சுமங்கல மகாதேரரிடம் பஞ்சசீலம் பெற்றுத் திரும்பிச் சென்னையில் சாக்கிய பௌத்த சங்கத்தை நிறுவினார். முன்னது ஏட்டிலிருந்த பௌத்தத்தை அச்சிற் கொணர்ந்தது. பின்னது சாதியிழிவு நீங்கும் வழியாக அதனை வாழ்விற் கொணர்ந்தது. 1907-இல் சென்னைப் பேராசிரியர் லட்சுமி நரசு பௌத்தத்தின் சாரத்தை ஆங்கிலத்தில் நூலாக்கினார். அந்நூலின் 1948-ஆம் ஆண்டுப் பதிப்புக்கு முன்னுரை வழங்கியவர் அம்பேத்கர். அவர் 1956 அக்டோபர் 14-இல் நாகபுரியில் பெருந்திரளான மக்களோடு பௌத்தம் தழுவினார். அவர்தம் ‘புத்தரும் அவர் தம்மமும்’ மறு ஆண்டில், அவர் மறைவுக்குப் பின், வெளிவந்தது.

அந்நூலின் முகப்பில் அம்பேத்கர் நான்கு வினாக்களை எழுப்புகிறார். சித்தார்த்தர் துறவு பூண்டது ஏன்? நான்கு வாய்மைகள் புத்தரே உரைத்தனவா, பிற்காலப் பிக்குகள் சேர்த்தனவா? ஆன்மா இல்லையெனின் வினையும் மறுபிறப்பும் பொருந்துமாறு எங்ஙனம்? பிக்குவைப் புத்தர் படைத்தது நிறைமனிதனாக விளங்கவா, சமூகத் தொண்டனாக உழைக்கவா? நிறைமனிதனாக மட்டும் நிற்கும் பிக்கு தன்னலமுடையவனே என்பதும், தொண்டனாயின் அவனே பௌத்தத்தின் நம்பிக்கையாகலாம் என்பதும் அவர் கருத்து. அம்பேத்கரின் நூலுக்கும் மணிமேகலைக்கும் நேர்த்தொடர்பு நாட்டுதல் ஈண்டு நோக்கமன்று. நான்காம் வினாவை மணிமேகலையின் முன் வைத்தால் அக்காப்பியம் யாது விடை தரும் என ஆராய்தலே நோக்கம்.

மணிமேகலையைப் பற்றி இன்று வழங்கும் கருத்து இருவகைப்படும். ஒரு சாரார் அதனைப் பசிப்பிணி போக்கும் அன்னதானக் காப்பியம் என்பர். இறுதிக் காதைகளிலுள்ள அளவை நூலும் பன்னிரு சார்பும் கதைக்குப் புறம்பான ஒட்டு என்று ஒதுக்குவர். மற்றொரு சாரார் அச்சமயக் கருத்துகளே நூலின் உயிர் என்றும், அமுதசுரபி கதைச்சுவைக்கு வந்த கருவி என்றும் கூறுவர். இவ்விரு கருத்தும் காதைகளின் முறைவைப்பை நோக்காமையால் எழுந்தவை.

அறவணவடிகளை முதன்முறை கண்ட போதே மணிமேகலை தத்துவம் கேட்கவில்லை. மக்கட்கும் தேவர்க்கும் ஒத்த அறம் பசிதீர்த்தலே என்று 12-ஆம் காதையில் அடிகள் அவளை ஆற்றுப்படுத்துகிறார். காஞ்சியிலும் இம்முறையே காணப்படும். 28-ஆம் காதையில் வற்கடத்தால் வாடிய அந்நகரத்தார்க்கு அவள் உணவளிக்கிறாள். 29-இல் அளவை கேட்கிறாள். 30-இல் பன்னிரு சார்பை உணர்ந்து பவத்திறம் அறுக என நோற்கிறாள். தொண்டு முன்னர், ஞானம் பின்னர் என்பது சாத்தனாரின் திட்டமான வைப்பு என்க. அம்பேத்கர் இரண்டாகப் பிரித்து வினவியவற்றைக் காப்பியம் ஒன்றன்பின் ஒன்றாக நிறுத்துகிறது.

எனினும், தொண்டு என்பதைச் சாத்தனார் அன்னதானத்தோடு முடிக்கவில்லை. ஆபுத்திரன் வரலாறே இதற்குச் சான்று. சிந்தாதேவி தந்த பாத்திரத்தால் மதுரையில் அவன் பசித்தோர்க்கெல்லாம் உணவிட்டான். இந்திரன் நாட்டில் மழைவளம் பெருகச் செய்தான், பசி நீங்கியது, ஏற்போர் இலராயினர். நாட்டுக்கு நன்மையாகிய மழை ஆபுத்திரனுக்குத் துயராயிற்று. கடல் கடந்து ஏற்போரைத் தேடிச் சென்றவன் மணிபல்லவத்தில் தனித்து விடப்பட்டான்; பாத்திரத்தைக் கோமுகிப் பொய்கையில் விட்டு உண்ணாது உயிர் நீத்தான். பிறர்க்கிடப் பிறந்த பாத்திரத்தால் தன்னுயிரை மட்டும் ஓம்ப ஒருப்படாத அவன் பெருமை உணரத்தக்கது. ஆயினும் ஈகை மட்டுமே அறமெனின், அவ்வறம் நிலைக்கப் பசியும் நிலைக்க வேண்டும் என்னும் இடர்ப்பாட்டை இக்கதை வெளிப்படுத்துகிறது. அமுதசுரபியின் எல்லை இதுவே.

இவ்வெல்லையைச் சாத்தனார் இருவகையிற் கடக்கிறார். முதலாவது, 19-ஆம் காதை. வேண்டுவது யாது என வினவிய மன்னனிடம் மணிமேகலை பொன்னும் பொருளும் கேட்டிலள். சிறைக்கோட்டத்தை அறக்கோட்டமாக்க வேண்டினாள். கையிலுள்ள பாத்திரம் ஒருவர் ஈகை. சிறை அறக்கோட்டமாதல் அரசமைப்பில் நேரும் மாற்றம். இரண்டாவது, 25-ஆம் காதை. ஆபுத்திரன் சாவக நாட்டில் அரசனாகப் பிறந்து, பழம்பிறப்புணர்ந்து, துறவை விழைகிறான். அந்நிலையில்தான் உணவும் உடையும் உறைவிடமும் எல்லா உயிர்க்கும் அளித்தலே அறம் என்று மணிமேகலை கூறுகிறாள். மேடைகளிலும் அன்னதான அழைப்பிதழ்களிலும் இக்கருத்து ஈகையாளர் புகழ்ச்சியாக வழங்குகின்றது. நூலிலோ அது துறக்க விழைந்த அரசனை ஆட்சிக்கு மீளச் செய்யும் அறிவுரை. கேட்போன் யார் என்பதை விடுத்து அக்கூற்றுக்குப் பொருள் காண்டல் பொருந்தாது. முற்பிறப்பில் பாத்திரம் ஏந்தியவனே இப்பிறப்பில் நாடாள்வோனாதல், ஈகை ஆட்சிக் கடமையாக வளர்ந்ததைக் காட்டும் குறிப்பாகும்.

இதுகாறும் கூறியவற்றால் மணிமேகலை அம்பேத்கருக்கு அண்மையில் நிற்பதாகத் தோன்றும். ஆயினும், வேறுபாட்டை மறைத்தல் ஆராய்ச்சி நேர்மையன்று. அம்பேத்கர், இப்பிறப்பின் இழிவுக்கு முற்பிறப்பின் வினையே காரணம் என்பதை ஏற்றிலர். அக்கொள்கை வறியோர் துயர்க்குச் சமூகத்தைப் பொறுப்பினின்றும் விடுவிக்கும் என்று கண்டார். மணிமேகலையோ முற்பிறப்பு வினையைக் கொண்டே கதையைப் பின்னுகிறது. காயசண்டிகையின் யானைத்தீப் பசி இதற்கு எடுத்துக்காட்டு. முனிவர்க்குரிய நாவற்கனியைச் சிதைத்தமையால் 12 ஆண்டுப் பசி அவளுக்குச் சாபமாயிற்று. மணிமேகலை இட்ட உணவு அப்பசியைத் தீர்த்தது. ஆனால், அவ்வுணவு வந்த நாளும் சாபம் முடியும் நாளும் ஒன்றாகவே அமைந்துள்ளன. பசி தீர்ந்தது அருளாலா, காலம் முடிந்தமையாலா? ஐந்தாம் ஆண்டிலேயே மணிமேகலை வந்திருப்பின் அப்பாத்திரம் பயன்பட்டிருக்குமா? இவ்வினா எழாதவாறு புலவர் இரண்டையும் ஒருநாளில் இணைத்துவிட்டார். காப்பியத்தின் கட்டுக்கோப்பு இங்கே வலுப்பெறுகிறது. அதன் அறக்கோட்பாடு இங்கே வலுக்குன்றுகிறது.

இக்காலப் பௌத்தம் மணிமேகலையிடம் பெறுவதும் பெறாததும் இதனால் விளங்கும். தொண்டும் ஞானமும் பகையல்ல என்பதையும், ஈகையின் முடிவு ஈகை வேண்டாத நாடே என்பதையும் பெறலாம். பசித்தோன் தன் பசிக்குப் பொறுப்பாளியா என்னும் வினாவுக்கு அங்கே தெளிந்த விடை இல்லை. அதனை அயோத்திதாசரும் அம்பேத்கரும் தத்தம் காலத்தில் தேட வேண்டியிருந்தது. மணிமேகலையைச் சீர்திருத்த நூலாக்கி அவ்விடைவெளியை மூடுதலும், அம்பேத்கரின் நூல் பௌத்தமே அன்று எனத் தள்ளுதலும் ஒரே பிழையின் இருபுறங்கள். அவர் வினவிய வினாவைச் சாத்தனார் காப்பியம் பாதி வழி வரை தானே வினவியுள்ளது. எஞ்சிய பாதியை வினவுதல் மரபுக்கு மாறானதன்று. மரபின் தொடர்ச்சியே எனக் கொள்ளல் தகும்.