சகலையை ஏமாற்றுவது எப்படி?

கல்யாணமான கையோடு பரிமளுக்கு ஒரு தலைவலி. மனைவி சுலேகா ஓயாமல் அக்கா புருஷனின் புத்திசாலித்தனத்தையே புகழ்கிறாள். கல்யாணத்துக்கு வராத அந்த மனிதர் மாப்பிள்ளையைப் பார்த்ததே இல்லை. அலகாபாத் தாவரவியல் பேராசிரியர் பரிமள், டிரைவர் பியாரே மோகனாக வேஷம் போட்டு அவர் வீட்டிலேயே வேலைக்குச் சேர்கிறார். ரிஷிகேஷ் முகர்ஜியின் 'சுப்கே சுப்கே' (1975) இந்த ரகசியத்தில்தான் ஓடுகிறது.

சகலை என்ற சொல் நம்மிடம் இருப்பதால் இந்தப் போட்டி நமக்குச் சட்டென்று புரிகிறது. சுத்தமான இந்தி பேசும் டிரைவர்தான் வேண்டும் என்று கேட்டவர் ஓம் பிரகாஷ். தர்மேந்திரா அவரைச் சமஸ்கிருதச் சொற்களாலேயே திணறடிக்கிறார். காபியைக் குளம்பி என்று சொல்லிச் சிரிக்கிற நமக்கு இந்த ஜோக் புதுசில்லை.

சுலேகா வந்து சேர்ந்ததும் சிரிப்பின் நிறம் மாறுகிறது. புதுப்பெண் டிரைவரோடு நெருக்கமாக இருக்கிறாளே என்று வீடு பதறுகிறது. ரகசியம் புருஷனுடையது, சந்தேகம் விழுவது பெண்டாட்டி மேல். போதாக்குறைக்கு, பரிமளாக நடிக்க வரும் நண்பன் சுகுமார் (அமிதாப்) வசுதாவை (ஜெயா) காதலிக்கிறான். ஊர் கண்ணுக்கு அவன் கல்யாணமானவன்!

தமிழ் 'மிஸ்ஸியம்மா'வை (1955) இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டுக்குமே வேர் வங்காளத்தில்தான். அங்கே பள்ளிக்கூட வேலைக்குத் தம்பதிதான் வேண்டும் என்பதால், வேலையில்லாத ஜெமினியும் சாவித்திரியும் புருஷன் பெண்டாட்டியாக நடிக்கிறார்கள். குட்டு உடைந்தால் சம்பளம் போய்விடும். பரிமளுக்கு அந்தப் பயமே கிடையாது, வேலை போனாலும் பேராசிரியர்தான். டிரைவர் வேஷத்திலிருந்து எப்போது வேண்டுமானாலும் லாக்-அவுட் செய்துகொள்ளலாம். அதே வீட்டின் நிஜ டிரைவர் ஜேம்ஸுக்கு (கேஷ்டோ முகர்ஜி) அந்த பட்டன் இல்லை. ஒரு நாள் ஜேம்ஸ் பேராசிரியர் வேஷம் போட்டிருந்தால் அதற்குப் பெயர் மோசடி, வருவது போலீஸ்.

படத்துக்கு இது தெரியாமலும் இல்லை. ஒரு மலைவாச ஸ்தல பங்களாவில், வயதான காவலாளி ஊருக்குப் போய்வரட்டும் என்று பரிமள் அவர் வேலையைத் தான் பார்க்கிறார். அவருடைய முதல் வேஷம் அதுதான். அதில் பரிவு இருந்தது, இரண்டாவதில் விளையாட்டு மட்டுமே.

அப்படியானால் ஏன் இன்றைக்கும் இந்தப் படம் பிடிக்கிறது? கெட்டவன் என்று ஒருவன்கூட இல்லை. ஏமாந்த சகலை மேல் நமக்குப் பாசம்தான் வருகிறது. அதே 1975இல் தர்மேந்திராவும் அமிதாபும் 'ஷோலே'யில் துப்பாக்கி தூக்கினார்கள். இங்கே அவர்களுடைய ஆயுதம் இலக்கணம்.

சிரித்துக்கொண்டே பாருங்கள். நடுவில் ஜேம்ஸையும் ஒரு பார்வை பார்த்துக்கொள்ளுங்கள்.