சித்திரம் சிரிக்கிறது — யாரைப் பார்த்து?

சிரிக்கத் தெரிந்த மக்களை அடிமைகளாக வைத்திருப்பது கடினம். சிரிக்க மட்டுமே தெரிந்த மக்களை அடிமைகளாக வைத்திருப்பதோ மிக மிக எளிது!

இந்த இரு கூட்டத்தாருக்கும் இடையே உள்ள வேறுபாடு எது? ஓசையிலே வேறுபாடில்லை, உவகையிலே வேறுபாடில்லை. சிரிப்பு எந்தத் திசை நோக்கிப் பாய்கிறது என்பதிலேதான் வேறுபாடு. மேலே அமர்ந்திருப்பவனின் பொய்யை நோக்கிப் பாயும் சிரிப்பு ஒன்று உண்டு. கீழே கிடப்பவனின் முதுகிலே விழும் சிரிப்பும் ஒன்று உண்டு. முன்னதை எள்ளல் என்போம். பின்னது வெறும் ஏளனம்.

தமிழருக்கு இது புதுப்பாடமன்று. 1949-ல் வெளிவந்த ‘நல்லதம்பி’யிலே கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன், நந்தனாரைக் கிந்தனார் ஆக்கினார். தில்லைக்குப் போகத் துடித்தவனின் கதை, கல்வி பெறத் துடிப்பவனின் கதையாக மாறிற்று. மக்கள் சிரித்தனர், சிரித்தவாறே சிந்தித்தனர். 1954-ல் ‘இரத்தக்கண்ணீர்’ வந்தது. எம். ஆர். ராதா ஏற்ற வேடம் நோயால் சிதைய, அந்தச் சிதைந்த உடலிலிருந்தே சமூகத்தைச் சாடும் நகைச்சுவை பீறிட்டுக் கிளம்பிற்று. அந்தச் சிரிப்புகளுக்குத் திசை இருந்தது.

அன்று மேடையிலும் வெண்திரையிலும் இருந்த நகைச்சுவை இன்று எங்கே இருக்கிறது? வீட்டுக் கூடத்திலே, குழந்தையின் கண்ணெதிரே, அசையும் சித்திரமாக இருக்கிறது. 2006-ல் தமிழக அரசு இலவச வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டிகளை வழங்கத் தொடங்கிற்று. 2007-ல் குழந்தைகளுக்கென்றே தமிழ் பேசும் ‘சுட்டி டிவி’ வந்தது. பெட்டி ஏழை வீட்டுக்கும் வந்தது. பெட்டிக்குள்ளே தமிழ் பேசும் பொம்மைகளும் வந்தன. இன்று தாம்பரத்துக்குக் கிழக்கே, சேலையூரிலே, கேம்ப் ரோடு சந்திப்பிலிருந்து அகரம்தென் சாலை நெடுக நடந்து பாருங்கள். மாலை வேளையில் சன்னல்தோறும் ஒலிப்பவற்றுள் சப்பானியச் சிறுவனின் தமிழும் உண்டு, இந்தி நாட்டுக் கட்டுமத்தானின் தமிழும் உண்டு. பெரியவர்கள் கேட்டால், “பொம்மைப் படம்தானே!” என்பர்.

பொம்மைப் படம்தான். ஆனால் பொம்மையை வரைந்தவன் பொம்மையல்லனே!

கோட்டுக்குக் கிடைத்த உரிமை

நடிகனுக்கு இல்லாத உரிமைகள் மூன்று, வரைந்த கோட்டுக்கு உண்டு. ஒன்று, அதற்கு வலிக்காது. மாடியிலிருந்து விழுந்தாலும், மறுகணம் எழுந்து நடக்கும். இரண்டு, அதற்கு வயதாகாது. அமெரிக்காவின் ‘தி சிம்ப்சன்ஸ்’ தொடரிலே, 1989-ல் பத்து வயதுப் பையனாக இருந்த பார்ட், இன்றும் பத்து வயதுப் பையன்தான். மூன்று, அதன் குரலும் உடலும் வேறு வேறு. எவர் குரலையும் எவர் வாயிலும் பொருத்தலாம்.

இந்த உரிமைகளால் வரும் ஆற்றல் பெரிது. மனித நடிகன் செய்தால் அருவருப்பாகத் தோன்றும் மிகைப்படுத்தலைக் கோடு கூசாமல் செய்யும். முதலாளியின் பேராசையை வளைந்த முதுகாக, கழுகு மூக்காக வரைந்து காட்டும். ஆனால் ஒவ்வோர் உரிமைக்கும் ஒரு விலை உண்டு. வலி இல்லையென்பதால் கொடுமையும் வேடிக்கையாகிவிடும். வயது ஏறாதென்பதால் மாறுதலும் நேராது. குரலைக் கழற்றி மாட்டலாம் என்பதால், பிறன் மொழியைப் பழிக்க ஒருவன் எளிதில் முகமூடி பூணலாம்.

ஆற்றலுக்கு ஒரு சான்று, விலைக்கு ஒரு சான்று — இரண்டையும் ஒரே தொடரிலிருந்து எடுத்துக் காட்டலாம்.

கரடியும் கல்லும்

1996-ல் ஒளிபரப்பான ‘சிம்ப்சன்ஸ்’ கதை ஒன்று. ஊருக்குள் ஒரு கரடி வந்துவிடுகிறது. ஒரே ஒரு கரடி! ஊர் திரண்டு நகரத் தலைவரின் அலுவலகத்தை முற்றுகையிடுகிறது. கரடிக் காவற்படை அமைகிறது. வானிலே விமானம், தெருவிலே வண்டி. கரடி வரவில்லை. ஹோமர் சிம்ப்சன் பெருமிதம் கொள்கிறான்: படை நன்றாக வேலை செய்கிறது! மகள் லீசா தரையிலிருந்து ஒரு கல்லை எடுத்துக் காட்டி, அந்த வாதப்படி பார்த்தால் இந்தக் கல் புலியை விரட்டும் கல் என்று சொல்லலாமே, இங்கே புலி எதுவும் இல்லையே என்கிறாள். தந்தைக்கு வெட்கம் வரவில்லை; அந்தக் கல்லை விலைக்குக் கேட்கிறான்!

தோழர்களே, தாயத்து கட்டியதால் காய்ச்சல் வரவில்லை என்பவனுக்கும், பூசணிக்காய் உடைத்ததால் வண்டி மோதவில்லை என்பவனுக்கும் நாம் மேடைதோறும் மணிக்கணக்கில் சொல்லி வந்த மறுப்பு, ஒரு சிறுமியின் கையிலே ஒரு கூழாங்கல்லாக அடங்கிவிட்டதல்லவா? எள்ளல் செய்யும் வேலை இதுதான். அது வாதத்தை மறுத்து நிற்பதில்லை. வாதத்தை ஏற்றுக்கொண்டு, அது போகும் ஊர் வரை கூடவே போய், அங்கே அதை நட்டாற்றில் விட்டுத் திரும்பி வருகிறது.

கதை அத்தோடு நிற்கவில்லை. காவற்படைக்கு வரி விதிக்கிறார்கள். மக்கள் மறுபடி கொதிக்கிறார்கள். தப்ப வழி தேடிய நகரத் தலைவர், வரிச்சுமைக்குக் காரணம் சட்டத்துக்குப் புறம்பாகக் குடியேறியவர்களே என்று விரலை நீட்டிவிடுகிறார். ஊரின் சினம் தலைவரை விட்டுத் தள்ளாடித் தள்ளாடி ஏழை வெளியூரான் தலையிலே போய் விழுகிறது. 1994-ல் கலிபோர்னியாவில், ஆவணமற்ற குடியேறிகளுக்குக் கல்வியும் மருத்துவமும் மறுக்கும் 187-ஆம் முன்மொழிவை வாக்காளர் ஏற்றனர். பின்னர் நீதிமன்றம் அதைத் தடுத்தது. அந்த நிகழ்ச்சியின் நிழல் இந்தக் கதை. கரடி எங்கே, குடியேறி எங்கே? இடையிலே உள்ள பாலத்தைக் கட்டியது யார்? ஆளுவோன்! இதை அரைமணி நேரத்துக்குள் சிரிக்கச் சிரிக்கக் காட்டுகிறது சித்திரம். இது மேல்நோக்கிப் பாயும் சிரிப்பு.

அப்புவின் குரல்

அந்தக் கதையிலே விரட்டப்படும் நிலையில் நிற்பவன் அப்பு. இந்தியன், கடைக்காரன், கணினித் துறையில் முனைவர் பட்டம் பெற்றவன். நாட்டைவிட்டுத் துரத்துவார்களோ என்று அஞ்சி, அமெரிக்கன் போலப் பேசி, அமெரிக்கன் போல உடுத்து நடிக்கிறான்; பிறகு தன்னையே மறைத்துக்கொண்டதை எண்ணிக் குமைகிறான். அந்த ஒரு கதையிலே அப்பு மனிதன்.

மற்றப் பல கதைகளிலே? அவன் ஒரு குரல். அந்தக் குரலைத் தந்தவர் ஹேங்க் அசேரியா என்ற வெள்ளையர். முனைவர் பட்டம் பெற்றவன் ஏன் இரவு பகலாகக் கல்லாவிலே நிற்கிறான் என்று கேட்டிருந்தால் அது எள்ளல். அவன் ஆங்கிலத்தை உச்சரிக்கும் விதம் கேட்டுச் சிரிப்பதோ ஏளனம். அந்தச் சிரிப்பு தொலைக்காட்சியோடு நிற்கவில்லை. பள்ளிக்கூடத்துக்கும் நடந்து போயிற்று. அப்புவின் பெயர் இந்தியப் பிள்ளைகளுக்குப் பட்டப்பெயராயிற்று. அந்தத் தலைமுறையில் வளர்ந்த நகைச்சுவைக் கலைஞர் ஹரி கொண்டபோலு, 2017-ல் ‘தி ப்ராப்ளம் வித் அப்பு’ என்ற ஆவணப்படம் எடுத்துக் கேள்வி எழுப்பினார். 2018-ல் தொடர் அந்தக் கேள்வியை அலட்சியமாகத் தட்டிக் கழித்தது. 2020-ல் அசேரியா, அந்தக் குரலை இனித் தருவதில்லை என்று அறிவித்தார். மூன்று தசாப்தம் ஒலித்த கேலி, ஒரு கேள்வியால் நின்றது!

அப்பு அமெரிக்காவில் மட்டுமா?

வெள்ளையனைக் கண்டித்துவிட்டு நிம்மதியாக உறங்கிவிடலாம் என்று எண்ணுவோர் சற்றுப் பொறுக்க வேண்டும். 2012-ல் தொடங்கிய ‘மோட்டு பட்லு’ என்ற இந்தித் தொடரிலே ஒரு காவல்துறை அதிகாரி வருகிறார்: இன்ஸ்பெக்டர் சிங்கம். அவர் பேசும் இந்தியிலே தென்னாட்டு வாடை தூக்கலாக இருக்கும்; அதுவே அவருடைய வேடிக்கை. 1968-ல் ‘படோசன்’ படத்திலே மெஹ்மூத் பூண்ட ‘மதராசி’ பாட்டு வாத்தியார் வேடத்துக்குப் பிறந்த பேரப்பிள்ளை என்று இவரைச் சொல்லலாம்.

இதிலே ஒரு விந்தையைக் கவனியுங்கள். அதே தொடர் தமிழாக்கப்பட்டுச் சேலையூர் வீட்டுக்கு வரும்போது, எல்லாப் பாத்திரங்களும் தமிழ் பேசுகின்றன. தன் பாட்டன் நாவை வைத்து வடக்கே நடத்தப்பட்ட கேலி, இங்குள்ள பிள்ளையின் காதிலே விழுவதே இல்லை. பழிக்கப்பட்டவன் வீட்டுப் பிள்ளையே, பழிப்பு இன்னதென்று அறியாமல் கைகொட்டிச் சிரிக்கிறான்!

2008-ல் தொடங்கிய ‘சோட்டா பீம்’ தொடரை எடுத்துக்கொள்ளுங்கள். ஐதராபாத்தில் உருவான நம் நாட்டுப் படைப்பு என்ற பெருமை அதற்கு உண்டு. அதிலே வீரனோடு மோதித் தோற்றுச் சிரிப்புக்கு ஆளாகும் முரட்டுப் பையனின் பெயர் என்ன? காலியா. இந்தியிலே அதன் பொருள், கறுப்பன்! தமிழிலே அந்தப் பெயருக்குப் பொருள் விளங்காது. ஆனால் கறுத்தவனுக்கு அடி, பாத்திரங்களிலே அவனுக்கே தோல்வி என்ற பாடம் கண் வழியே நுழைந்துவிடும். தொல்லை வந்ததும் அரசன் இந்திரவர்மன் ஒரு சிறுவனைத்தான் நாடுகிறான். அரசனுக்கு ஏன் ஆளத் தெரியவில்லை என்று கேட்டால் எத்தனை நல்ல எள்ளல் பிறந்திருக்கும்! தொடர் அதைக் கேட்பதில்லை. அரியணையை அப்படியே விட்டுவிட்டுக் கறுத்த பையனை நோக்கித் திரும்பிவிடுகிறது.

கசுகபேயும் சேலையூரும்

இந்த வரிசையிலே சற்று மாறுபட்டு நிற்பவன் ‘ஷின்சான்’. யோஷிட்டோ உசுயி 1990-ல் பெரியவர்களுக்கான இதழ் ஒன்றிலே வரையத் தொடங்கிய கதை அது. 1992-ல் தொலைக்காட்சிக்கு வந்தது. கதை நடக்கும் ஊர் கசுகபே, தோக்கியோவின் புறநகர். தந்தை இரயிலேறித் தலைநகருக்கு வேலைக்குப் போகிறார். வீட்டுக்கடன் கழுத்தை நெரிக்கிறது. தாய் சிக்கனம் பேசுகிறாள், தள்ளுபடி விற்பனையைக் கண்டால் ஓடுகிறாள். தாம்பரத்திலிருந்து கடற்கரை நிலையத்துக்கு மின்சார இரயிலில் தொங்கிச் செல்லும் நடுத்தரக் குடும்பத்தானுக்கு இந்தக் கதையிலே எது அயல்?

அந்த வீட்டு ஐந்து வயதுப் பையன், பெரியவர்கள் மூடி மறைக்கும் உண்மையை விருந்தாளி முன்னாலே போட்டு உடைக்கிறான். நடுத்தர வர்க்கத்தின் போலிப் பெருமை சரிகிறது. இது எள்ளல். அதே பையன் இளம்பெண்களைக் கண்டால் வழிந்து பின்தொடர்கிறான். அதையும் வேடிக்கை என்கிறார்கள். அது ஏளனத்திலும் இழிந்தது. பெண்ணின் சங்கடத்தைச் சிரிப்புப் பொருளாக்குவது.

பிள்ளைகள் கெடுகிறார்கள் என்ற முறையீட்டின்பேரில் 2008-ல் இந்திய அரசு இத்தொடரைத் தடைசெய்தது. 2009-ல் வெட்டித் திருத்தி மீண்டும் வந்தது. கத்தரிக்கோலுக்குத் திசை தெரியுமா? பெற்றோரின் பொய்யை உடைக்கும் சொல்லும், பெண்ணைச் சீண்டும் சொல்லும் அதற்கு ஒரே ‘ஒழுங்கீனம்’தான். பிள்ளையோடு அமர்ந்து, இதற்குச் சிரி, இதற்கு ஏன் சிரிக்கிறாய் என்று கேட்கும் தாயும் தந்தையும் செய்யக்கூடிய வேலையை எந்த அமைச்சகமும் செய்துவிட முடியாது.

சிரிப்பின் சொந்தக்காரன்

இன்னொன்றையும் மறக்கலாகாது. ‘சிம்ப்சன்ஸ்’ தன்னை ஒளிபரப்பும் ஃபாக்ஸ் நிறுவனத்தையே கேலி செய்யும். 1992-ல் குடியரசுத் தலைவர் புஷ், அமெரிக்கக் குடும்பங்கள் சிம்ப்சன் குடும்பத்தைப் போல இருக்கலாகாது என்று பேசியபோது, சில நாட்களுக்குள் தொடரே அவருக்குப் பதிலடி கொடுத்தது. துணிவுதான். ஆனால் அந்தத் துணிவால் பெருகிய பணம் யாருக்குப் போயிற்று? கேலி செய்யப்பட்ட முதலாளிக்கே! 2019-ல் டிஸ்னி அந்தச் சொத்துகளை விலைக்கு வாங்கியபோது, கேலியும் கையெழுத்தோடு கைமாறிற்று. கதை முடிவிலே அணுமின் நிலைய முதலாளி பர்ன்ஸ் முதலாளியாகவே இருப்பார். ஹோமர் மறுநாள் அவரிடமே வேலைக்குப் போவான். நீராவி வெளியேறிவிட்டது, கொதிகலன் வெடிக்காது!

அதனால் இந்தச் சித்திரங்கள் பயனற்றவை என்று நாம் சொல்லவில்லை. கல்லை விலைக்குக் கேட்ட ஹோமரைக் கண்டவன், அடுத்த முறை தாயத்தைத் தொடும்போது சற்றே தயங்குவான். அந்தத் தயக்கத்தைத் தருவதோடு சித்திரத்தின் வேலை முடிகிறது. தயக்கத்தைத் துணிவாக மாற்றுவது பார்த்தவனின் வேலை.

நம் கை எங்கே?

தமிழிலே ஏன் இப்படியொரு தொடர் இல்லை? திறமைக் குறைவு காரணமா? இதழிலே கேலிச்சித்திரம் வரைந்து வந்த சிம்புதேவன் 2006-ல் ‘இம்சை அரசன் 23-ஆம் புலிகேசி’ எடுத்தார். சாதிச் சண்டைக்கென்றே மைதானம் திறக்கும் மன்னனை வடிவேலு நடித்துக் காட்டினார், நாடே சிரித்தது, சிரித்தவர் பலருக்குச் சுட்டது. திறமை உண்டு. ஆனால் நொடிக்கு 24 படம் வரையப் பணம் வேண்டும். அயல் தொடருக்குத் தமிழ்க் குரல் பொருத்துவது மலிவு. கட்சிக்கொரு தொலைக்காட்சி என்றான நாட்டிலே, எதிர்க்கட்சியைக் கேலி செய்ய இடமுண்டு. தன் கட்சியைக் கேலி செய்ய நாற்காலி கிடையாது. 1987-ல் அட்டைப்பட நகைச்சுவை ஒன்றுக்காக ‘ஆனந்த விகடன்’ ஆசிரியர் பாலசுப்பிரமணியனைச் சட்டமன்றம் சிறைக்கு அனுப்பிய நாடன்றோ இது!

இளைஞர்களே! தாம்பரத்தைச் சுற்றியுள்ள கல்லூரிகளிலே காட்சித் தொடர்பியல் பயில்வோர் உங்களில் பலர். அன்று ஒரு கூடம் நிறைய ஓவியரும் ஒரு பெட்டி நிறையப் பணமும் கேட்ட கலை, இன்று ஒரு கணினியிலே அடங்கிவிட்டது. வரையத் தொடங்குங்கள். வரையுமுன் மூன்று கேள்விகளை உங்களையே கேட்டுக்கொள்ளுங்கள். நான் யாரைப் பார்த்துச் சிரிக்கிறேன்? அவன் என்னைத் திருப்பிக் கேட்கும் நிலையில் இருக்கிறானா? சிரித்து முடித்த பின், பார்த்தவனுக்கு முன்பு தெரியாத ஒன்று தெரிகிறதா? முதல் கேள்விக்கு விடை கீழே இருப்பவன் என்றால், கோலைக் கீழே வையுங்கள். மேலே இருப்பவன் என்றால் — எழுதுகோலைக் கூராக்குங்கள்!